கரையேறிய பிற்பாடு

நீச்சல் வீரரைப் பற்றிய செய்திப் படத்தில் அவர் கரையேறும் கட்டம் வந்ததும் நாம் கை தட்டுகிறோம். காமிரா அகன்ற பிற்பாடு அவர் கதி என்ன என்று கேட்பதில்லை.

நம் குற்றாலீஸ்வரன் 1994-ல், 13-வது வயதில், பாக் ஜலசந்தி, இங்கிலீஷ் கால்வாய் முதலிய ஆறு ஜலசந்திகளைக் கடந்தார். 1966-ல் ஐந்து கடந்த மிஹிர் ஸென்னையே மிஞ்சினார். 1996-ல் அர்ஜுனா விருது பெற்றார். அப்பேர்ப்பட்டவர் போதிய பொருளுதவி இன்மையால் நீச்சலை விட்டுப் படிப்பை நாட நேர்ந்தது.

பிச்சாவரத்து உப்பங்கழியில் தோணியேறிச் சென்றோம். சுரபுன்னை மரங்களின் இடையே மீனவச் சிறுவர்கள் மீன் போல் நீந்தினார்கள். அவர்களுள் ஒருவன் நாளை கடலைக் கடக்கக் கூடும். மாலைக்குச் செலவிடும் காசில் பாதியையேனும் அவன் பயிற்சிக்கு இன்றே அளிப்போமா, நேயர்களே?