பொம்மை சொன்ன உண்மை!

பொங்கலுக்குப் பிறந்த வீடு வந்த பெண்ணைத் தஞ்சைச் சீமையில் தெருவே விசாரிக்கும். "எப்பம்மா வந்தே?" என்பார்கள். இரண்டு நாள் கழித்து, "எப்பம்மா போறே?" என்பார்கள்.

கணவனைப் பிரிந்து வந்தவளுக்கு அந்த இரண்டாவது கேள்வி ஈட்டி! அதற்குப் பயந்தே அவள் வாசல் பக்கம் வருவதில்லை.

இந்தப் பெண்ணின் கதையைச் சினிமாவில் சொன்னவரும் தஞ்சைச் சீமைக்காரரே. நன்னிலத்துக்காரரான டைரக்டர் கே. பாலசந்தர் 1977-ல் எடுத்த படம் "அவர்கள்."

கதை

அனு (சுஜாதா), கணவன் ராமநாதனின் (ரஜினிகாந்த்) கொடுமை தாங்காமல் விவாகரத்துப் பெற்றவள். குழந்தையுடன் சென்னைக்கு வந்து, வேலை பார்த்துப் பிழைக்கிறாள். பழைய காதலன் வருகிறான். உடன் வேலை பார்க்கும் ஜானி (கமலஹாசன்) அவளை மனதுக்குள் விரும்புகிறான். "திருந்திவிட்டேன்" என்று மாஜி கணவனும் வந்து நிற்கிறான்!

ஜானியிடம் ஒரு பேசும் பொம்மை உண்டு. அவன் சொல்லப் பயப்படுவதைப் பொம்மை சொல்லிவிடும். பார்ப்பவர்களுக்குச் சிரிப்பு வரும். ஆனால், மனிதன் வாய் மூடியிருக்க, மரப்பொம்மை உண்மை பேசுகிறதே! அந்தக் கேலி நமக்கும் சேர்த்துத்தான்.

சட்டம்

சென்னை மாகாணத்தில் 1949-லேயே இந்துக்களுக்கு விவாகரத்துச் சட்டம் வந்தது. 1955-ல் இந்து திருமணச் சட்டம் வந்தது. 1976-ல் அதைத் திருத்தினார்கள். கொடுமை செய்தால் விவாகரத்துக் கேட்கலாம், இருவரும் சம்மதித்தும் பிரியலாம் என்று ஆயிற்று. மறு ஆண்டே இந்தப் படம்!

"சட்டம் வந்துதான் குடும்பம் கெட்டது" என்பார்கள் சிலர். சம்பாப் பயிர் மூழ்கினால் வடிகால் வெட்டுகிறோம். வெட்டியவனையா பழிக்கிறோம்? அவசரப்பட்டுப் பிரிகிறவர்களும் உண்டு. அதனால்தான், சம்மதித்துப் பிரிய மனுப் போடுவதற்கே ஓராண்டு பிரிந்திருக்க வேண்டும் என்கிறது சட்டம்.

மாமியார்

படத்தில் உயர்ந்த மனுஷி, ராமநாதனின் தாய் (லீலாவதி). மருமகள் வீட்டுக்கு வேலைக்காரியாக வந்து, பேரக்குழந்தையைப் பார்த்துக்கொள்கிறாள். முடிவில் அனு யாரையும் மணக்காமல் ஊரை விட்டுப் புறப்படுகிறாள். அப்போது உடன் போகிறவளும் அவளே.

கோர்ட்டு கொடுப்பது தீர்ப்பு. அதை வாங்கியவள் வேலைக்குப் போக வேண்டும். பிள்ளையைப் படிக்கவைக்க வேண்டும். அதற்குத் துணை வீட்டிலும் தெருவிலும் இருந்துதான் வரவேண்டும்.

அடுத்த பொங்கலுக்கு உங்கள் தெருவில் அப்படி ஒரு பெண் இருந்தால், "எப்பம்மா போறே?" என்று கேட்காதீர்கள்.

"சாப்பிட்டியாம்மா?" என்று கேளுங்கள். போதும்!