நகல் வாழ்கிறது

1988ல் வந்த 'தி நேக்கட் கன்' படத்தின் முதல் காட்சி பெய்ரூட்டில் நடக்கிறது. கொமேனி, கடாஃபி, இடி அமீன் என்று அமெரிக்காவுக்கு ஆகாதவர்கள் மேஜையைச் சுற்றி உட்கார்ந்து சதி செய்கிறார்கள். கூடவே கோர்பசேவ். போலீஸ் அதிகாரியாக வரும் லெஸ்லி நீல்சன் எல்லோரையும் துவைத்தெடுக்கிறார். போகிற போக்கில் கோர்பசேவின் நெற்றி மச்சத்தையும் தேய்த்து அழித்துவிடுகிறார்!

கோபப்பட்டிருக்க வேண்டிய ரஷ்யர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதுவும் திருட்டு வீடியோ கேசட்டில். கதாநாயகன், கதாநாயகி, வில்லன் எல்லோருக்கும் ஒரே ஆணின் உணர்ச்சியற்ற குரல். கே.ஜி.பி. அடையாளம் கண்டுவிடக் கூடாதென்று மொழிபெயர்ப்பாளர் மூக்கில் கிளிப் மாட்டிக்கொண்டு பேசினார் என்று ஒரு கதை. வெறும் கதைதான்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 'ஏர்பிளேன்!' (1980) கிண்டலடித்தது 1957ல் வந்த 'ஜீரோ அவர்!' படத்தை. இப்படிப்பட்ட அசல்களில் பலவற்றை சோவியத் ரசிகர்கள் பார்த்ததே இல்லை. கிண்டலைப் பார்த்துத்தான் அசலை ஊகித்தார்கள். பிறகு அவர்களே களத்தில் இறங்கினார்கள். 'கோப்ளின்' என்ற புனைபெயர் கொண்ட டிமித்ரி புச்கோவ், 2002ல் 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' முதல் படத்துக்குத் தாதாக்களின் பாஷையில் புது வசனம் எழுதி அதையே காமெடியாக்கினார்.

2006ல் 'விகான்டாக்டே' சமூக வலைத்தளம் வந்தது. கேசட்டில் இருந்ததெல்லாம் துண்டு துண்டாக அங்கே குடியேறியது. உக்ரைன் போரையடுத்து 2022 மார்ச்சில் ஹாலிவுட் ஸ்டூடியோக்கள் ரஷ்யாவுக்குப் புதுப் படங்கள் அனுப்புவதை நிறுத்தின. பழைய சிரிப்பை யாரும் நிறுத்த முடியவில்லை.

பார்க்கப்போனால், அந்தச் சிரிப்பை நிறுத்த மாஸ்கோவுக்கும் அவசியம் இல்லை. அசட்டு அமெரிக்க போலீஸைப் பார்த்துச் சிரித்தால் யாருக்கு நஷ்டம்? ஆனால் 2018 ஜனவரியில் 'தி டெத் ஆஃப் ஸ்டாலின்' ரிலீசாவதற்கு இரண்டே நாள் முன்பு ரஷ்ய கலாச்சார அமைச்சகம் அதன் அனுமதியை ரத்து செய்தது. பிரிட்டிஷ் இயக்குநர் எடுத்த நையாண்டிதான். ஆனால் அதில் அடிவாங்கியவர்கள் உள்ளூர்த் தலைவர்கள்.

ஒரு நாட்டில் சிரிப்புக்குச் சுதந்திரம் இருக்கிறதா என்பதை, அடுத்த வீட்டுக்காரனைப் பார்த்துச் சிரிப்பதை வைத்துத் தீர்மானிக்க முடியாது. தன் தலைவர் கேலிக்குள்ளானதையும் ரஷ்யர்கள் ரசித்த காலம் ஒன்று இருந்தது. அதற்குக் காரணமான கோர்பசேவ் 2022 ஆகஸ்டில் காலமானார். மச்சத்தை அழித்தது ஹாலிவுட். மற்றதையெல்லாம் அழித்தவர்கள் மாஸ்கோவிலேயே இருக்கிறார்கள்.