முகம் அசையாத நடிப்பு

நல்ல நடிகர் யார் என்று கேட்டால், கண்ணீர் மல்க அழுபவரையும் அனல் பறக்க வசனம் பேசுபவரையும்தான் நம்மில் பலர் உடனே சுட்டிக்காட்டுவோம். பிரான்சு நாட்டைச் சேர்ந்த பிரான்சுவா லெத்தெரியே இந்த அளவுகோலுக்குள் அடங்கமாட்டார். அவர் பெயரை அறிந்தோர் குறைவு. அவருக்குப் பெயர் வாங்கித் தந்த வேடமும் ஒன்றே ஒன்றுதான். ஆயினும், அந்த ஒரு படத்தில் அவர் வெளிப்படுத்திய அடக்கமான நடிப்பு, புகழ்பெற்ற நட்சத்திரங்கள் பலரின் நடிப்பைவிட உயர்ந்தது என்பது என் கருத்து.

'மரண தண்டனைக் கைதி தப்பிவிட்டான்' என்ற பொருள்படும் தலைப்புடன் 1956ஆம் ஆண்டு வெளிவந்த பிரெஞ்சுப் படம் அது. இயக்கியவர் ரொபேர் பிரெஸ்ஸோன். இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மானியர் பிரான்சைக் கைப்பற்றியிருந்தனர். அவர்களை எதிர்த்துப் போராடிய ஆந்திரே தெவிஞி என்ற அதிகாரி, 1943இல் லியோன் நகரின் மோன்லுக் சிறையிலிருந்து தப்பினார். அவருடைய அனுபவமே படத்தின் கதை. படத்தில் அவர் பெயர் ஃபோந்தேன். தலைப்பே முடிவைச் சொல்லிவிடுகிறது! அப்படியிருந்தும் இறுதிவரை மூச்சை அடக்கிக்கொண்டுதான் பார்க்கிறோம்.

பிரெஸ்ஸோன் தொழில்முறை நடிகர்களைத் தவிர்த்தவர். அதனால்தான் தத்துவம் பயின்ற, நடிப்பு அனுபவமே இல்லாத லெத்தெரியேயைத் தேர்ந்தெடுத்தார். குரலை ஏற்றி இறக்கக் கூடாது; முகத்தில் பாவனை காட்டக் கூடாது. இதுவே அவர் வகுத்த வழி.

அப்படியானால் திரையில் நாம் எதைப் பார்க்கிறோம்? பெரும்பாலும் கைகளைத்தான். ஃபோந்தேன் ஓர் இரும்புக் கரண்டியைத் தரையில் தேய்த்துக் கூராக்குகிறான். அறைக்கதவின் பலகைகள் உறுதியானவை. அவற்றை இணைக்கும் மரமோ மென்மையானது. அதைக் கண்டுகொண்டு நாள்தோறும் சிறிது சிறிதாகச் சுரண்டுகிறான். காவலரின் காலடியோசை கேட்டதும் நிறுத்துகிறான். ஓசை விலகியதும் தொடர்கிறான். படுக்கையின் கம்பியும் கிழித்த துணியும் கயிறாகின்றன. விளக்கின் சட்டம் கொக்கியாகிறது. இவற்றையெல்லாம் லெத்தெரியே ஒரு தச்சரைப் போல நிதானமாகச் செய்கிறார். அச்சத்தை அவர் நமக்குக் காட்டுவதில்லை. அதனாலேயே அந்த அச்சம் நம்முடையதாகிவிடுகிறது.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி, ஜோஸ்த் வருவதுதான். தப்பிச்செல்ல எல்லாம் ஆயத்தமான வேளையில், ஜெர்மானியர் பக்கம் சேர்ந்திருந்த அந்தச் சிறுவனை அதே அறையில் அடைக்கிறார்கள். அவன் உளவாளியாக இருக்கலாம். அவனைக் கொல்வதா, உடன் அழைத்துச் செல்வதா? வேறொரு படமாக இருந்தால் இந்த இடத்தில் இசை முழங்கும். கதாநாயகனின் கண்கள் சிவக்கும். லெத்தெரியேயோ சிறுவனைப் பார்க்கிறார்; சாதாரணமாகப் பேச்சுக் கொடுக்கிறார். ஓர் உயிர் ஊசலாடுவது அந்தச் சிறுவனுக்கே தெரியாது. நமக்கு மட்டும் தெரியும்.

"இயக்குநர் சொன்னதைச் செய்தவரை நடிகர் என்று போற்றலாமா?" எனச் சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால், எதையும் மிகைப்படுத்தாமல் கேமராவின் முன் நிற்பது எளிதன்று. பள்ளி மேடையில் ஏறியவர்களுக்கு அது நன்றாகத் தெரியும். மேலும், தெவிஞி அப்போது உயிருடன் இருந்தார். படத்திற்கு ஆலோசகராகவும் பணியாற்றினார். உண்மையில் அந்தச் சிறையில் சாவை எதிர்நோக்கியிருந்த ஒருவரின் வாழ்க்கையை அழுகையும் ஆவேசமுமாக மாற்றியிருந்தால், அது அவருக்குச் செய்த அநீதியாகியிருக்கும். சத்தம் போட்டு அழ அங்கே யாருக்கு நேரமிருந்தது?

1957இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநர் விருது பிரெஸ்ஸோனுக்குக் கிடைத்தது. லெத்தெரியே நடிப்பைத் தொழிலாகக் கொள்ளாமல் இயக்குநரானார், 2020இல் காலமானார். அவருடைய மகன் லூயி லெத்தெரியேயின் படங்களை உங்களில் சிலர் பார்த்திருக்கக்கூடும். 2008இல் வெளிவந்த 'தி இன்கிரெடிபிள் ஹல்க்' அவர் இயக்கியதே. அதில் கார்கள் நொறுங்குகின்றன, குண்டுகள் வெடிக்கின்றன. தந்தையின் படத்திலோ கரண்டி மரத்தைச் சுரண்டும் ஓசைக்கே நெஞ்சு படபடக்கிறது.