பட்டனை அமுக்கத் தெரிந்தால் போதுமா?



சென்ற கல்லூரி விழாவுக்காக நாங்கள் ஐந்து பேர் சேர்ந்து ஒரு குறும்படம் எடுத்தோம். அதில் ஒரு கனவுக் காட்சி. லினக்ஸ் கம்ப்யூட்டரில் கேடென்லைவ் என்ற எடிட்டிங் சாஃப்ட்வேரைத் திறந்து, நண்பன் ஒரு பட்டனை அமுக்கினான். படம் அப்படியே கார்ட்டூன் ஓவியமாக மாறிவிட்டது! "பாத்தியாடா மச்சான் நம்ம டெக்னிக்கை!" என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டான். பக்கத்தில் நின்ற லேப் அசிஸ்டென்ட் அண்ணன் மெதுவாகக் கேட்டார்: "அது சரிப்பா... பட்டனுக்குப் பின்னாடி என்ன நடக்குது?"

ஐந்து பேரும் பேந்தப் பேந்த விழித்தோம்.

வெட்கத்தோடு தேடிப் பார்த்தபோதுதான் தெரிந்தது. அந்த எஃபெக்ட் எடிட்டிங் சாஃப்ட்வேருக்குள்ளேயே இல்லை! தனி ஃபோல்டரில், ஒரு எஃபெக்டுக்கு ஒரு சின்ன ஃபைல். கடைசியில் 'டாட் எஸ்ஓ' என்றிருக்கும். இதுதான் ஷேர்டு லைப்ரரி. விண்டோஸில் நாம் பார்க்கும் 'டிஎல்எல்' இதன் தம்பி.

நம் எலெக்ட்ரிகல் நண்பர்களுக்குப் புரியும்படி சொல்கிறேன். சுவரில் பிளக் பாயின்ட் இருக்கிறது. மிக்ஸியோ, அயர்ன் பாக்ஸோ, பின் பொருந்தினால் வேலை செய்யும்; புதிய மிக்ஸி வாங்கினால் வீட்டுக்கே மறுபடி ஒயரிங் செய்வதில்லை. அந்தப் பின் அளவைப் போல வீடியோ எஃபெக்டுகளுக்கும் ஒரு பொது விதி உண்டு. அதன் பெயர் ஃப்ரையோர். ஆங்கிலத்தில் எழுதும்போது 'ஓ'வுக்குப் பதில் பூஜ்யம் போடுவார்கள். இந்த விதிப்படி எழுதிய 100-க்கும் மேற்பட்ட எஃபெக்டுகள், சோர்ஸ் கோடோடு இலவசமாகவே கிடைக்கின்றன.

விதியும் பெரிய பாரதம் இல்லை. 'கன்ஸ்ட்ரக்ட்' என்ற ஃபங்ஷன் படத்தின் அகலம், உயரத்தை வாங்கிக்கொள்ளும். 'அப்டேட்' ஒவ்வொரு ஃபிரேமையும் வாங்கி, மாற்றி, திருப்பித் தரும். 'டிஸ்ட்ரக்ட்' மெமரியை விடுவிக்கும். இவற்றோடு, பெயரையும் செட்டிங்கையும் சொல்ல இன்னும் சில ஃபங்ஷன்கள். அவ்வளவுதான்! நிறத்தைத் தலைகீழாக்க வேண்டுமா? சிவப்பு, பச்சை, நீலம் மூன்றையும் 255-லிருந்து கழித்தால் போதும். இது சி லேபில் நாம் போடும் ஃபார் லூப்தானே!

ஆனால் கணக்கையும் பாருங்கள். 640-க்கு 480 படத்தில் 3,07,200 புள்ளிகள். நொடிக்கு 25 ஃபிரேம் என்றால் 76,80,000 புள்ளிகள்! லூப்பை ஏனோதானோ என்று எழுதினால் படம் மாட்டுவண்டி வேகத்தில்தான் ஓடும். பாயின்டர் ஒரு இடம் தவறினால் எடிட்டிங் சாஃப்ட்வேரே படுத்துவிடும். ஏனென்றால் பிளக்-இன் ஓடுவது அதே மெமரிக்குள், அதே உரிமையோடு. யாரோ பென் டிரைவில் தரும் 'ஃப்ரீ எஃபெக்ட்ஸ் பேக்' எதையும் கண்ணை மூடிக்கொண்டு போடாதீர்கள் என்று சொல்வதும் இதனால்தான். முன்பின் தெரியாதவனிடம் வீட்டுச் சாவியைக் கொடுப்போமா?

இனி மனதில் உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். கோபப்படாதீர்கள்.

இறுதியாண்டு வந்தால் நம்மில் பலர் என்ன செய்கிறோம்? ஆளுக்குக் கொஞ்சம் பணம் போட்டு ரெடிமேட் புராஜெக்ட் வாங்குகிறோம். பைண்டிங் பளபளக்கிறது, வைவாவில் நாக்கு ஒட்டிக்கொள்கிறது. அப்பா ஓவர்டைம் பார்த்து அனுப்பிய காசில் நாம் வாங்குவது நம் அறியாமையைத்தானே?

"வேலைக்குப் போனால் எஃபெக்ட் எழுதவா சொல்லப் போறாங்க?" என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். எஃபெக்ட் எழுதச் சொல்லாமல் இருக்கலாம். ஆனால் பாயின்டர், மெமரி, லிங்கிங், அடுத்தவர் வகுத்த விதிக்குக் கட்டுப்பட்டு எழுதுவது... இவை எந்த வேலைக்குப் போனாலும் கூடவே வரும். நூறு வரியில் ஒரு எஃபெக்ட் எழுதினாலே இவை அத்தனையும் கைக்கு வந்துவிடும். செலவோ சல்லிக்காசு இல்லை. ஜிசிசி கம்பைலர் இலவசம்.

அடுத்த கல்லூரி விழாவில் திரையில் ஓடும் எஃபெக்ட் நம் துறை மாணவன் எழுதியதாக இருக்கட்டும். அது சுமாராக இருந்தாலும் பரவாயில்லை. "பின்னாடி என்ன நடக்குது?" என்று அந்த அண்ணன் கேட்டால், விழிக்காமல் பதில் சொல்லலாமே!

செய்வோமா நண்பர்களே?