ஜெயித்தால் சென்னைப் பெண், தோற்றால் கண்ணகி நகர்

2025 செப்டம்பரில் ஓவன் கூப்பர் எம்மி விருது வாங்கிய மறுநாள், எனக்குத் தெரிந்த கல்லூரித் தோழர்கள் பலரின் ஸ்டேட்டஸில் அவர் முகம்தான். இங்கிலாந்தின் வாரிங்டன் நகரத்துப் பையன். வயது 15. அவர் நடித்த முதல் வேலையே ‘அடாலசன்ஸ்’ தொடர்தான். சில நாள் கழித்து மயிலாப்பூரில் ஒரு மாணவர் கூட்டம். எனக்கு முன்னால் பேசிய பெரியவர் அந்தப் பையனைக் காட்டித்தான் தொடங்கினார். “திறமையும் முயற்சியும் இருந்தா எங்க பிறந்தாலும் மேல வரலாம். நம்ம பசங்க கிட்ட முயற்சிதான் கொஞ்சம் கம்மி.” அரங்கம் கைதட்டியது. நான் பதில் சொல்வதற்குள் நேரமாகிவிட்டது என்று மைக்கை வாங்கிவிட்டார்கள். அன்று சொல்ல முடியாமல் போனதை இங்கே எழுதுகிறேன்.

முதலில் அந்தப் பையன் எப்படி வந்தார் என்று பாருங்கள். அவருக்குக் கால்பந்து வீரராக வேண்டும் என்பதுதான் ஆசை. பிறகு நடிப்பில் ஆர்வம் வந்தது. பக்கத்து மான்செஸ்டரில் ‘டிராமா மாப்’ என்ற வார வகுப்புக்குப் போனார். ‘கோரோனேஷன் ஸ்ட்ரீட்’ என்ற பழைய டிவி சீரியலில் நடித்தவர் உள்பட இருவர் சேர்ந்து நடத்தும் வகுப்பு அது. தொடருக்கு ஆள் தேடியவர்கள் பெரிய நட்சத்திரத்தின் பிள்ளையைக் கேட்கவில்லை. இப்படிப்பட்ட வகுப்புகளில்தான் தேடினார்கள். அந்த நாட்டில் பள்ளி வயதுப் பிள்ளையை நடிக்க வைக்க உள்ளாட்சியிடம் உரிமம் வாங்க வேண்டும்; உடன் ஒரு காப்பாளர் இருக்க வேண்டும்; படிப்பு கெடாமல் ஆசிரியர் ஏற்பாடு செய்ய வேண்டும். ஆக, வீட்டிலிருந்து போய்வரும் தூரத்தில் ஒரு வகுப்பு, அந்த வகுப்பைத் தேடி வரும் தொழில், பின்னால் நிற்கும் ஒரு சட்டம். இந்த மூன்றையும் கழித்துவிட்டு மிச்சம் இருப்பதற்குத்தான் நம் பெரியவர் ‘முயற்சி’ என்று பெயர் வைத்தார்.

கால்பந்திலும் இதே கதைதான். மார்கஸ் ராஷ்ஃபோர்டு வறுமையில் வளர்ந்தவர். அவருடைய அம்மா ஒன்றுக்கு மேற்பட்ட வேலை பார்த்து வளர்த்தார். ஆனால் 5 வயதில் சேர உள்ளூரில் ஒரு கால்பந்து கிளப் இருந்தது. 7 வயதில் மான்செஸ்டர் யுனைடெட் அகாடமி. 11 வயதில் தங்கிப் படித்து ஆடும் திட்டத்தில் அந்த கிளப்பே சேர்த்துக்கொண்டது. 2016 பிப்ரவரியில், 18 வயதில் முதல் ஆட்டத்திலேயே 2 கோல் போட்டது எல்லோருக்கும் தெரியும். அதற்கு முந்தைய 13 ஆண்டுகளில் யாரும் அவரை ஊரைவிட்டு 20 கிலோமீட்டர் தள்ளிக் கொண்டுபோய் இறக்கவில்லை என்பதை யாரும் ஒரு சாதனையாகச் சொல்வதில்லை.

இங்கிலாந்து சொர்க்கம் என்று நான் சொல்ல வரவில்லை. 2021 யூரோ இறுதிப்போட்டியில் பெனால்டியைத் தவறவிட்ட ராஷ்ஃபோர்டு, சான்சோ, சாகா மூவரையும் நிறத்தைச் சொல்லித்தான் திட்டினார்கள். கோல் போட்டால் இங்கிலாந்துக்காரன், தவறவிட்டால் கறுப்பன். அந்த வரி நமக்குப் புதிதா என்ன?

இனி மயிலாப்பூருக்கு வருகிறேன். எம்.ஏ. சமூகவியல் வகுப்பில் பூர்தியு எழுதிய ‘பண்பாட்டு மூலதனம்’ பற்றிப் படித்தபோது எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. லஸ் கார்னரில் ஒரு டிசம்பர் சாயங்காலம் நின்றபோது விளங்கிவிட்டது. 5 வயதில் பாட்டு, 7 வயதில் பரதம், 10 வயதில் சபா மேடை. கே. பாலசந்தர், காத்தாடி ராமமூர்த்தி, கிரேசி மோகன் எல்லோரும் அமெச்சூர் நாடகத்திலிருந்து வந்தவர்கள்தான். சபா நாடகத்திலிருந்து தூர்தர்ஷனுக்கும் பிறகு தனியார் சேனல்களின் சீரியல்களுக்கும் ஒரு பாதை தானாகவே இருந்தது. அவர்களுக்குத் திறமை இல்லை என்றா சொல்கிறேன்? நன்றாகவே இருந்தது. ஆனால் மேடை வீட்டுக்குப் பக்கத்தில் இருந்தது. மேடையில் நின்றவர் சொந்தக்காரராகவோ அப்பாவின் ஆபீஸ் நண்பராகவோ இருந்தார். அதே பக்கிங்காம் கால்வாய் ஓரத்துக் குடிசையில் கானா பாடிய பையனுக்குக் கிடைத்த மேடை சாவு வீடு. அவன் பாட்டுக்கு ‘கலை’ என்று பெயர் வைக்க இந்த நகரத்துக்கு எத்தனை வருடம் ஆயிற்று என்று யோசியுங்கள். 2020-ல் நீலம் பண்பாட்டு மையம் ‘மார்கழியில் மக்களிசை’ என்று தனியாக ஒரு மேடையே போட வேண்டியிருந்தது.

எனக்குத் தெரிந்த ஒரு பையனைப் பற்றிச் சொல்கிறேன். சைதாப்பேட்டை அடையாற்றங்கரை. நான் மாலை வகுப்பு எடுத்த இடம். இடது காலால் ஆடுவான், விங்கில் ஓடினால் பெரிய பசங்களே பிடிக்க மாட்டார்கள். அங்கிருந்து சிறிது தூரத்தில்தான் நந்தனம் ஒய்.எம்.சி.ஏ.; 1920-ல் ஹாரி குரோ பக் தொடங்கிய, ஆசியாவின் முதல் உடற்கல்விக் கல்லூரி. இந்த ஊரில் விளையாட்டை ஒரு படிப்பாகச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கிய இடம். அந்தப் பக்கம் ஆடிக்கொண்டிருந்தவர்களைப் பார்த்தே அவன் பாதி கற்றுக்கொண்டான். ஒரு பயிற்சியாளர் தினம் வரச் சொன்னார். காசு வேண்டாம் என்றும் சொன்னார்.

2015 டிசம்பர் வெள்ளம் வந்தது. ‘நீர்நிலை ஆக்கிரமிப்பு’ என்ற சொல்லோடு லாரியும் வந்தது. சட்டி பானையோடு பெரும்பாக்கம். எட்டு மாடிக் கட்டடத்தில் வீடு. லிஃப்ட் ஓடாத நாட்கள் நிறைய. பயிற்சிக்குக் காலை 6 மணிக்கு நந்தனத்தில் நிற்க வேண்டும் என்றால் 4 மணிக்குக் கிளம்ப வேண்டும். பஸ் பிடித்து, மாறி, பயிற்சி முடித்து, திரும்பப் பள்ளிக்கு வந்தால் முதல் இரண்டு பீரியட் போச்சு. மூன்று மாதம் தாக்குப்பிடித்தான். பிறகு வரவில்லை. பயிற்சியாளர் என்னிடம், “இந்தப் பசங்களே இப்படித்தான் மேடம், பாதியில விட்டுடுவாங்க” என்றார். நல்ல மனிதர்தான். அவருக்குப் பையனின் கால் தெரிந்தது, அந்தக் காலுக்கு மேலே இருந்த முகவரி தெரியவில்லை.

கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று 2000-த்திலிருந்து நகரத்தின் நடுவிலிருந்து தூக்கி எறியப்பட்டவர்களில் பெரும்பகுதி யார்? தலித் மக்கள். இடித்தவர்கள் எந்த மாதம் இடித்தார்கள் என்றும் பாருங்கள். 2022 மே மாதம் ராஜா அண்ணாமலைபுரம் கோவிந்தசாமி நகரில் வீடுகளை இடித்தபோது பொதுத்தேர்வு நடந்துகொண்டிருந்தது. நீதிமன்ற உத்தரவு என்றார்கள். 60 வயது மனிதர் ஒருவர் தீக்குளித்து இறந்த பிறகுதான், மயிலாப்பூர், மந்தைவெளிப் பகுதியிலேயே மாற்று வீடு தரப்படும் என்று முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். பக்கத்திலேயே வீடு கொடுப்பது முடியாத காரியம் இல்லை என்று அரசின் வாயாலேயே வந்தது. அதற்கு ஓர் உயிர் தேவைப்பட்டது.

வீட்டை எடுத்தார்கள். மைதானம்? 2024 அக்டோபரில் சென்னை மாநகராட்சி ஒரு தீர்மானம் கொண்டுவந்தது. செயற்கைப் புல் போட்ட 9 கால்பந்துத் திடல்களைத் தனியாரிடம் கொடுப்பது. ஆடுகிறவர் ஒரு மணி நேரத்துக்குத் தலைக்கு 120 ரூபாய் கட்டுவது. மாதம் 25 நாள், தினம் ஒரு மணி நேரம் ஆடினால் 3,000 ரூபாய். வீட்டு வேலைக்குப் போகும் அம்மாவின் சம்பளத்தில் இதை எந்தத் தலைப்பில் எழுதுவது? எதிர்ப்பு வந்தது, ஆளும் கட்சியின் கூட்டணிக்குள்ளிருந்தும் வந்தது, தீர்மானத்தை உடனே திரும்பப் பெற்றார்கள். நல்லது. ஆனால் நம் வரியில் போட்ட புல்லில் நம் பிள்ளை ஓடுவதற்கு வாடகை வாங்கலாம் என்ற யோசனை சமூக நீதி பேசும் ஒரு மாநகராட்சியில் மேசைவரை வந்ததே, அதை மறக்கக் கூடாது.

மைதானம் இருந்தால் என்ன நடக்கும் என்பதற்கு வடசென்னைக்குப் போக வேண்டும். வியாசர்பாடியில் 1990-களின் பிற்பகுதியில் அந்தப் பகுதி இளைஞர்களே குடிசைப்பகுதிக் குழந்தைகளுக்காக ஒரு கால்பந்து அமைப்பைத் தொடங்கினார்கள். ஆட வேண்டுமென்றால் பள்ளிக்குப் போயிருக்க வேண்டும், சாயங்காலம் படிக்கவும் வேண்டும். அந்த மண்ணிலிருந்து சென்னையின் எஃப்.சி.வரை போனவர் தனபால் கணேஷ். வியாசர்பாடிப் பிள்ளைகளின் ரத்தத்தில் கால்பந்து ஓடுகிறது என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. ரத்தத்தில் ஒன்றும் ஓடவில்லை ஐயா. திடல் வீட்டுக்குப் பக்கத்தில் இருந்தது, சொல்லிக்கொடுக்க ஓர் அண்ணன் இருந்தார், அவர்களை யாரும் மொத்தமாகத் தூக்கிக்கொண்டு போகவில்லை. ரத்தம் பற்றிய பேச்சு எங்கே கொண்டுபோய் விடும் என்று நமக்குத் தெரியாதா?

எம்மி விருதுக்கு அடுத்த மாதமே பஹ்ரைனில் ஆசிய இளையோர் விளையாட்டுப் போட்டி. கபடியில் தங்கம் வென்ற இந்தியப் பெண்கள் அணியின் துணைத் தலைவர் கார்த்திகா, கண்ணகி நகர்ப் பெண். முதலமைச்சர் அழைத்து 25 லட்சம் ரூபாய் கொடுத்தார். மகிழ்ச்சி, அந்தப் பணம் அவருக்குச் சேர வேண்டியதுதான். ஆனால் அந்த வாரம் வந்த வாழ்த்துகளைப் படித்தீர்களா? ‘சேற்றில் மலர்ந்த செந்தாமரை’. அதே வாயால் அதே ஊரைப் போன வாரம்வரை என்னவென்று சொன்னார்கள்? கண்ணகி நகர் என்று முகவரி போட்டால் வேலை கிடைக்காது என்பதால், துரைப்பாக்கம் என்று எழுதிக்கொடுக்கும் பிள்ளைகளை எனக்குத் தெரியும். சேறு என்று யாரைச் சொல்கிறீர்கள்? கார்த்திகாவுக்கு ஆடக் கற்றுக்கொடுத்தது அந்த ஊர்தான். அங்கே பதினைந்தாயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள். ஒரு தாமரை கிடைத்ததற்குக் கைதட்டுகிறவர்கள், மற்ற வீடுகளின் பிள்ளைகள் எந்த நேரத்தில் எந்த இடத்தில் ஆடுகிறார்கள் என்று ஒருநாள் போய்ப் பார்க்கட்டும்.

பாலூ பால்வங்கரைத் தெரியுமா? தலித் பந்துவீச்சாளர். 1911-ல் இங்கிலாந்து போன இந்திய அணியில் 100 விக்கெட்டுக்கு மேல் எடுத்தவர். பந்து வீச அவர் வேண்டும். தேநீர் இடைவேளையில் அவருக்கு மட்டும் பந்தலுக்கு வெளியே, மண் குவளையில். நூறு வருடம் கழித்து குவளை மாறியிருக்கிறது.

சினிமாவும் டிவியும் மட்டும் என்ன செய்கின்றன? ‘காக்கா முட்டை’ படத்தில் நடித்த ரமேஷும் விக்னேஷும் கடலோரக் குப்பத்துப் பிள்ளைகள். 2015-ல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதில் இருவரும் சிறந்த குழந்தை நட்சத்திரங்கள். நடிப்புப் பள்ளி வாசலை மிதிக்காதவர்கள். அந்தப் படத்துக்குப் பிறகு தென் சென்னையில் எத்தனை குப்பங்களில் நடிப்பு வகுப்பு தொடங்கினார்கள்? மும்பையில் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ 8 ஆஸ்கர் வாங்கியது. அதே 2009 மே மாதத்தில் அதில் நடித்த ருபினா, அசாருதீன் இருவரின் குடிசைகளும் பாந்த்ராவில் இடிக்கப்பட்டன. உலகம் முழுக்கத் தெரிந்த முகத்துக்கே அதுதான் கதி.

ஐஸ்வர்யா ராஜேஷ் சொன்னதையும் கேளுங்கள். ஹவுசிங் போர்டு வீட்டில் வளர்ந்தவர், கடை வாசலில் நின்று பொருளை விளம்பரப்படுத்தி நாளுக்கு 225 ரூபாய் வாங்கியவர், டிவியில் காமெடி நிகழ்ச்சியின் தொகுப்பாளராகத் தொடங்கியவர். நிறத்தைச் சொல்லி, கதாநாயகி முகம் இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள் என்று மேடையிலேயே பேசினார். அவருடைய அப்பா தெலுங்குப் பட நடிகர். அந்தத் தொடர்பு இருந்தவருக்கே இந்தப் பதில் என்றால், சினிமாவில் ஒருவரையும் தெரியாத பெரும்பாக்கத்துப் பெண் எந்தக் கதவைத் தட்டுவாள்? தமிழ் சீரியல்களில் வீட்டு எஜமானி என்ன நிறம், வேலைக்காரி என்ன நிறம் என்று ஒரு வாரம் நோட்டில் எழுதிப் பாருங்கள்.

நம் ஊரில் சட்டமே இல்லை என்று நினைக்க வேண்டாம். 2016-ல் திருத்திய குழந்தைத் தொழிலாளர் சட்டம் குடும்பத் தொழிலுக்கும் (இந்தியாவில் குடும்பத் தொழில் என்றால் என்ன பொருள் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை), சினிமா, சீரியல், விளையாட்டுக்கும் விலக்குக் கொடுத்தது. 2017-ல் வந்த விதிகள் சொல்வது: குழந்தையை நடிக்க வைக்க மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும், நாளுக்கு 5 மணி நேரத்துக்கு மேல் கூடாது, ஓய்வில்லாமல் 3 மணி நேரத்துக்கு மேல் கூடாது, தொடர்ந்து 27 நாளுக்கு மேல் கூடாது, வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தையின் பெயரில் வங்கி வைப்புநிதியாகப் போட வேண்டும். நான் வேலை செய்த பகுதியில் ஷூட்டிங் வந்தபோது 30 பிள்ளைகளை, “கேமராவைப் பாக்காம ஓடுங்கடா” என்று காலையிலிருந்து இருட்டும்வரை ஓடவிட்டார்கள். பணத்தை ஏஜென்ட் வாங்கிக்கொண்டார். பிள்ளைகளுக்கு பிரியாணிப் பொட்டலம். வைப்புநிதி என்று நான் வாயெடுத்ததும், “மேடம், இதுங்க ஆர்ட்டிஸ்ட் இல்ல, பேக்கிரவுண்டு” என்றார் ஒருவர். அந்தச் சொல்லை நான் இன்னும் மறக்கவில்லை.

தோழர்களே, ஸ்டேட்டஸ் வைத்தது போதும். ஆர்.டி.ஐ. மனுவுக்கு 10 ரூபாய்தான். மூன்று கேள்விகள் கேட்கலாம். மறுகுடியமர்வுப் பகுதிகள் ஒவ்வொன்றிலும் விளையாட்டுக்கு ஒதுக்கிய நிலம் எத்தனை சதுர மீட்டர், அதில் இன்று என்ன இருக்கிறது? கடந்த 5 ஆண்டில் கல்வியாண்டு நடுவில் இடித்த வீடுகளில் பள்ளி வயதுப் பிள்ளைகள் எத்தனை பேர்? சென்னை மாவட்ட ஆட்சியர் எத்தனை குழந்தை நடிகர்களுக்கு அனுமதி கொடுத்தார், எத்தனை பேருக்கு வைப்புநிதி போட்டதற்கு ரசீது இருக்கிறது? முதல் இரண்டும் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்துக்கு, மூன்றாவது ஆட்சியர் அலுவலகத்துக்கு. மாதிரி மனு என்னிடம் இருக்கிறது, கேட்பவர்களுக்கு அனுப்புகிறேன். பதில் வந்ததும் எனக்கு ஒரு நகல் அனுப்புங்கள். பதில் வராவிட்டால் 31-ஆம் நாள் மேல்முறையீட்டைச் சேர்ந்து எழுதுவோம்.