'என்சைம்' என்று எழுதியிருந்தால் போதுமா?

'என்சைம்' என்ற சொல் நம்ம வட்டாரத்தில் ரொம்ப மலிவாகிவிட்டது. பட்டுக்கோட்டைக் கடைத்தெருவில் இடுபொருள் விற்கும் கடைக்குப் போனால் அலமாரியில் நாலு விதமான 'என்சைம்' டப்பா இருக்கிறது. தென்னைக்கு ஒன்று, நெல்லுக்கு ஒன்று, உளுந்துக்கு ஒன்று, மண்ணுக்குத் தனியாக ஒன்று. இது கடைக்காரர்களோடு நின்றிருந்தால் நான் இதை எழுத உட்கார்ந்திருக்க மாட்டேன். நம் கூட்டங்களிலும் பஞ்சகவ்யாவை 'என்சைம்' என்கிறார்கள். பழத்தோல் கரைசலையும் அப்படியே சொல்கிறார்கள். அமிர்தக்கரைசலில் 'கோடிக்கணக்கான என்சைம்கள் பெருகுகின்றன' என்று ஒருவர் மேடையில் பேச, கைதட்டலும் விழுந்தது.

என்சைம் பெருகாது. அதற்கு உயிர் கிடையாது. இந்த ஒரு விஷயத்தில் நமக்குத் தெளிவு இல்லையென்றால் கையில் இருக்கிற காசும் போகும், நம் பேச்சுக்கு இருக்கிற மரியாதையும் போகும்.

தமிழில் இதற்கு 'நொதி' என்று பெயர். இலங்கைத் தமிழர் 'நொதியம்' என்று எழுதுவார்கள். மாவு புளிப்பதை, கள் நுரைப்பதை நொதித்தல் என்கிறோமே, அதே வேர். ஆங்கிலச் சொல்லும் அப்படிப் பிறந்ததுதான். 'ஈஸ்டுக்குள் இருப்பது' என்ற பொருளில் கிரேக்கத்திலிருந்து அதை உருவாக்கியவர் ஜெர்மானிய உடலியல் அறிஞர் வில்ஹெல்ம் கூனே, ஆண்டு 1877. உயிருள்ள ஈஸ்ட் இல்லாமல் நொதித்தல் நடக்காது என்று லூயி பாஸ்டர் போன்ற பெரியவர்கள் சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. 1897இல் எட்வர்ட் புக்னர் ஈஸ்டை மணலோடு சேர்த்து அரைத்து, பிழிந்து, சாற்றை மட்டும் எடுத்தார். அந்தச் சாற்றில் உயிருள்ள செல் எதுவும் இல்லை. இருந்தும் சர்க்கரையைப் போட்டதும் நொதித்தது. வேலை செய்தது உயிர் அல்ல, அந்த உயிர் செய்து வைத்த ஒரு பொருள் என்று தெரிந்தது. 1907இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

ஆக, நுண்ணுயிர் வேறு, நொதி வேறு. தச்சன் வேறு, அவன் கையில் இருக்கிற உளி வேறு என்கிற மாதிரி. தச்சன் குடும்பம் பெருகும். உளி குட்டி போடாது.

நொதி என்பது பெரும்பாலும் ஒரு புரதம். நிலம் விற்கிறவரையும் வாங்குகிறவரையும் சேர்த்து வைக்கிற தரகர் மாதிரி அது. காரியத்தை விரைவாக முடித்துக் கொடுத்துவிட்டு, தான் கரையாமல் அடுத்த காரியத்துக்குப் போய்விடும். நிலத்தில் அதற்குப் பங்கு கிடையாது. அதனால்தான் நொதியை உரம் என்று சொல்லக்கூடாது. அது பயிருக்குச் சாப்பாடு அல்ல.

இதெல்லாம் நமக்குப் புதிதும் அல்ல. விதைநெல்லை ஒரு நாள் ஊறவைத்து, சாக்கில் கட்டி மூட்டம் போட்டு, முளை கட்டிய பிறகு ஒரு நெல்லை உரித்து மென்று பாருங்கள், லேசாக இனிக்கும். நெல்லுக்குள் இருக்கிற மாவை அமைலேஸ் என்ற நொதி சர்க்கரையாக்கிக் குருத்துக்கு ஊட்டுகிறது. மூட்டத்தில் சூடு அளவுக்கு மீறினால் 'விதை வெந்துபோச்சு' என்கிறோம். சூடு தாங்காமல் உருக்குலைகிற புரதங்களில் இந்த நொதிகளும் உண்டு.

பானையில் சுண்ணாம்பு தடவிக் கட்டினால் பதநீர், தடவாவிட்டால் கள். சுண்ணாம்பின் காரத்தில் ஈஸ்டும் அதன் நொதிகளும் வேலை செய்ய முடியாமல் போகிறது, அவ்வளவுதான். வெப்பம், புளிப்பு, காரம் எல்லாம் தோதாக இருந்தால்தான் நொதி வேலை செய்யும் என்பதை மரமேறிகள் பானையிலேயே காட்டிவிட்டார்கள்.

கோமியம் அன்றைக்குப் பிடித்தபோது அவ்வளவாக நெடி அடிக்காது. திறந்து வைத்தால் இரண்டு மூன்று நாளில் கண்ணில் நீர் வரும். கோமியத்தில் இருக்கும் யூரியாவை நுண்ணுயிர்களின் யூரியேஸ் என்ற நொதி அம்மோனியாவாக உடைத்துவிடுகிறது. அந்த நெடி நம் தழைச்சத்து காற்றில் போகிற நெடி. தொட்டியை மூடி வையுங்கள் என்று சொல்வதற்குக் காரணம் இதுதான். இந்த யூரியேஸைத்தான் ஜேம்ஸ் சம்னர் என்ற அமெரிக்கர் 1926இல் படிகமாகப் பிரித்தெடுத்தார். படிகமாகக் கிடைத்த முதல் நொதி அது. சிறு வயதில் இடது கையை இழந்த மனிதர். ஒரே கையோடு ஒன்பது வருஷம் பாடுபட்டார். அவர் எடுத்துக்கொண்ட பொருள் நம்ம தம்பட்டை அவரைக்கு நெருங்கிய சொந்தமான ஒரு அவரையின் விதை. நொதி ஒரு புரதம் என்று அவர் சொன்னதைப் பலர் நம்பவில்லை. 1946இல் அவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது.

இப்போது 'டப்பா' விஷயத்துக்கு வருகிறேன். வங்கி லாக்கருக்கு இரண்டு சாவி. ஒன்று வாடிக்கையாளரிடம், ஒன்று வங்கியில். ஒரு சாவியை வைத்துக்கொண்டு நாள் முழுக்கத் திருகினாலும் திறக்காது. பல நொதிகளும் அப்படித்தான். புரதப் பகுதி மட்டும் தனியாக இருந்தால் அதற்கு 'அப்போஎன்சைம்' என்று பெயர். அது வேலை செய்யாது. துத்தநாகம், இரும்பு, மாலிப்டினம் போன்ற ஒரு தாது, அல்லது வைட்டமினிலிருந்து வந்த ஒரு சிறு மூலக்கூறு வந்து உட்கார வேண்டும். அதைத் துணைக்காரணி என்கிறார்கள். இரண்டும் சேர்ந்த முழு நொதிக்கு 'ஹோலோஎன்சைம்' என்று பெயர். நடவு வயலில் துத்தநாகம் குறைந்தால் இலையில் துருப்பிடித்த மாதிரி புள்ளி வந்து பயிர் குன்றி நிற்கிறதே, அங்கே பயிரின் பல நொதிகள் இரண்டாவது சாவி இல்லாமல் நிற்கின்றன. அந்த வயலில் லிட்டர் லிட்டராக 'என்சைம்' ஊற்றினாலும் பலன் வராது. தேவைப்படுவது துத்தநாகமும், அதை வேருக்குக் கொடுக்கிற மண்ணும்.

காற்றில் உள்ள தழைச்சத்தைப் பிடித்துக் கொடுக்கும் நைட்ரஜனேஸ் என்ற நொதிக்கு இரும்பும் மாலிப்டினமும் வேண்டும். அதோடு ஆக்சிஜன் பட்டால் அது கெட்டுவிடும். சம்பா அறுவடைக்கு முன் தெளித்த உளுந்தைப் பிடுங்கி வேர்முடிச்சை நகத்தால் கீறிப் பாருங்கள். உள்ளே இளஞ்சிவப்பாக இருந்தால் முடிச்சு வேலை செய்கிறது. நம் ரத்தத்தில் இருப்பதைப் போன்ற ஒரு சிவப்புப் பொருளை வைத்து ஆக்சிஜனைக் கட்டுப்படுத்தி, அந்த நொதியைச் செடியும் ரைசோபியமும் சேர்ந்து காப்பாற்றுகின்றன. இவ்வளவு பொத்திப் பாதுகாக்க வேண்டிய பொருளை ஒருவர் டப்பாவில் அடைத்து, 'தழைச்சத்து பிடிக்கும் என்சைம்' என்று வெயிலில் அடுக்கி வைத்து விற்றால் அதை எப்படி நம்புவது?

வங்கியில் காசோலை வந்தால் முதலில் மூன்று விஷயம் பார்ப்போம்: யாருக்கு, எவ்வளவு, என்ன தேதி. என்சைம் டப்பாவுக்கும் அதே மூன்று கேள்விதான்.

முதல் கேள்வி, பெயர். நொதிகளின் பெயர் பொதுவாக 'ஏஸ்' என்று முடியும், எதன் மீது வேலை செய்கிறது என்பதையும் காட்டும். செல்லுலோஸை உடைப்பது செல்லுலேஸ், யூரியாவை உடைப்பது யூரியேஸ், பாஸ்பேட்டை விடுவிப்பது பாஸ்படேஸ். ஒரு கடையில் நான் கேட்டேன், "இதுல என்ன என்சைம் இருக்கு தம்பி?" "எல்லா என்சைமும் இருக்கு சார்" என்றார். எல்லாருக்கும் என்று எழுதிய காசோலையை யார் பாஸ் செய்வது?

இரண்டாவது, அளவு. நொதியை மில்லியிலோ கிராமிலோ மட்டும் சொன்னால் போதாது. அது எவ்வளவு வேலை செய்யும் என்பதை 'யூனிட்' கணக்கில் சொல்ல வேண்டும். ஒரு நிமிஷத்தில் ஒரு மைக்ரோமோல் பொருளை மாற்றினால் ஒரு யூனிட். மருந்து, துணி, கால்நடைத் தீவனத் தொழில்களில் நொதி வாங்குகிறவர்கள் இந்தக் கணக்கைக் கேட்டுத்தான் வாங்குகிறார்கள். விவசாயியிடம் மட்டும் ஏன் 'லிட்டர்' கணக்கு?

மூன்றாவது, தேதி. காசோலைக்கு மூன்று மாதம் ஆயுள். நொதியும் நாளாக ஆக, சூடு பட பட வேகம் இழக்கும். எப்போது தயாரித்தது, எந்த வெப்பத்தில் வைக்க வேண்டும் என்று டப்பாவில் இருக்கிறதா?

2021 பிப்ரவரியில் மத்திய அரசு உரக் கட்டுப்பாட்டு ஆணையைத் திருத்தி, உயிர் ஊக்கி என்று விற்கப்படும் பொருள்களையும் அதன் கீழ் கொண்டுவந்தது. அதனால் உள்ளே என்ன இருக்கிறது என்று கேட்பது நம் உரிமை. பில் போட்டு வாங்குங்கள்.

இன்னொரு கணக்கும் உண்டு. ஒரு ஏக்கரில் அரையடி ஆழத்து மண் சுமார் 800 டன் தேறும். அதில் ஒரு லிட்டர் நொதிச் சாறு என்ன செய்துவிடும்? அது புரதம் என்பதால் மண்ணில் விழுந்ததும் நுண்ணுயிர்கள் அதையே தின்று தீர்க்கும். மண்ணுக்கு வேண்டிய நொதியை மண்ணிலேயே தயாரிக்கிறவர்கள் இருக்கிறார்கள்: வேர், பூஞ்சை, பாக்டீரியா, மண்புழுவின் குடல். மண்ணில் உயிரோட்டம் எவ்வளவு என்று அறிய ஆய்வகங்களில் டீஹைட்ரஜனேஸ் என்ற நொதியை அளக்கிறார்கள். உயிருள்ள செல்லுக்குள் மட்டுமே அது வேலை செய்யும் என்பதால் அந்த அளவு. தக்கைப்பூண்டும் சணப்பும் விதைத்து மடக்கி உழுகிறோமே, அதுதான் அந்தத் தொழிலாளிகளுக்குக் கொடுக்கும் கூலி. கூலி கொடுத்தால் உளியை அவர்களே செய்துகொள்வார்கள்.

அப்படியானால் பஞ்சகவ்யாவும் மீன் அமிலமும் வீணா? இல்லவே இல்லை. மீன் கழிவில் வெல்லம் போட்டு வைத்தால் மீன் குடலில் உள்ள நொதிகளும் நுண்ணுயிர்களும் சதையை அமினோ அமிலமாக உடைக்கின்றன. நொதி தன் வேலையைத் தொட்டியிலேயே முடித்துவிட்டது. நாம் தெளிப்பது அது ஆக்கிக் கொடுத்த சாப்பாட்டை. ஒரு பங்கு வெல்லம், மூன்று பங்கு பழத்தோல், பத்துப் பங்கு தண்ணீர் என்று மூன்று மாதம் வைக்கிற கரைசலில் கடைசியில் மிஞ்சுவது பெரும்பாலும் காடி மாதிரியான புளிப்பு. தரை துடைக்க அருமையானது. அதற்கு அதன் பெயரைச் சொன்னால் போதுமே.

என் யோசனை எளிது. மூன்று சொற்களைப் பிரித்துப் பழகுவோம். உயிரோடு இருந்து பெருகுவது 'நுண்ணுயிர்'. அது செய்யும் கருவி 'நொதி'. இரண்டும் வேலை செய்து முடித்த திரவம் 'நொதித்த கரைசல்'. அசோஸ்பைரில்லம், 20 ரூபாய்க்குக் கொடுக்கப்பட்ட வேஸ்ட் டீகம்போசர் எல்லாம் முதல் வகை. பஞ்சகவ்யா, மீன் அமிலம் மூன்றாவது வகை. இரண்டாவது வகையை விலை கொடுத்து வாங்க வேண்டிய அவசியம் நம் வயலில் அநேகமாக வராது.

'சொல்லில் என்ன இருக்கு, விளைஞ்சா சரி' என்று சிலர் சொல்வார்கள். கஜா புயலில் தென்னை முழுக்கப் போய், மறுபடி கன்று வைத்த ஊர் இது. அடுத்த வருஷக் காய்க்காகக் கடன் வாங்கி டப்பா வாங்குகிறவருக்குச் சொல்லில்தான் எல்லாமே இருக்கிறது. நம்மாழ்வார் ஐயா கடைசி மூச்சு விட்டது நம் பக்கத்து அத்திவெட்டியில். 2013 டிசம்பர் 30. படித்த வேளாண் விஞ்ஞானியான அவர், கேட்கிற கடைசி ஆளுக்கும் புரிகிற தமிழில்தான் பேசினார். புரியாத சொல்லைக் காட்டி விற்பது வியாபாரிகளின் பழக்கம். அது நம் மேடைக்கு வேண்டாம்.

அடுத்த கூட்டத்தில் யாராவது 'என்சைம்' என்று சொன்னால், சண்டை போடாமல், ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "எந்த என்சைம், எதை எதுவா மாத்துது?" பதில் வந்தால் உட்கார்ந்து கேட்போம். வராவிட்டால் பணத்தைப் பையிலேயே வைத்துக்கொண்டு, அந்தக் காசுக்குத் தக்கைப்பூண்டு விதை வாங்குவோம்.