ஜனாதிபதிகளின் வாழ்வும் புத்தளக் கரையும்

அமெரிக்காவில் ஜனாதிபதி ஒருவர் தெரிவாகும்போதும் மறையும்போதும் அவரது வாழ்க்கை வரலாற்றைப் பத்தி பத்தியாக வெளியிடுவது நமது பத்திரிகைகளின் வழக்கம். மரக்குடிசையில் பிறந்த ஆபிரகாம் லிங்கன், நிலக்கடலை பயிரிட்ட ஜிம்மி கார்ட்டர், திரைப்பட நடிகராயிருந்த றொனால்ட் றீகன் ஆகியோரின் கதைகள் நமது வாசகர்களுக்கு நன்கு பரிச்சயமானவை. 2024 டிசெம்பர் 29 ஆம் திகதி தமது 100 ஆவது வயதில் கார்ட்டர் காலமானபோதும் அவ்வாறே எழுதினோம். ஆனால் 1978 முதல் நம்மை ஆண்டுவந்த நிறைவேற்று அதிகார ஜனாதிபதிகளின் வாழ்க்கையை நாம் இதே அக்கறையோடு வாசித்ததில்லை. அதிலும், கொழும்பிலிருந்து பார்க்கையில் தெரியும் வரலாறு ஒன்று. கற்பிட்டி, ஆலங்குடா, தில்லையடியிலிருந்து பார்க்கையில் தெரியும் வரலாறு வேறொன்று.

அமெரிக்க ஜனாதிபதிகளின் வரலாற்றில் புத்தளத்து வாசகர் அவசியம் அறிய வேண்டிய அத்தியாயம் ஒன்றுண்டு. 1942 பெப்ரவரி 19 ஆம் திகதி பிராங்ளின் ரூஸ்வெல்ட் கையொப்பமிட்ட ஓர் ஆணையின் பேரில், மேற்குக் கரையோரத்தில் வாழ்ந்த சுமார் ஒரு இலட்சத்து 20 ஆயிரம் ஜப்பானிய வம்சாவளியினர் வீடு வாசல்களை இழந்து முகாம்களில் அடைக்கப்பட்டனர். நான்கு தடவைகள் தெரிவு செய்யப்பட்ட, மக்கள் பேரபிமானம் பெற்ற தலைவர் செய்த காரியம் இது. 1976 இல் ஜெரால்ட் ஃபோர்ட் அந்த ஆணையை முறைப்படி இரத்துச் செய்தார். 1980 இல் கார்ட்டர் விசாரணை ஆணைக்குழுவுக்கான சட்டத்தில் கையொப்பமிட்டார். 1988 ஆகஸ்டில் றீகன், அரசின் மன்னிப்பையும் உயிரோடிருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டொலர் இழப்பீட்டையும் வழங்கும் சட்டத்தை ஏற்றுக்கொண்டார். கட்சியால் வேறுபட்ட மூவர், ஒருவர் விட்ட இடத்திலிருந்து மற்றவர் தொடர்ந்தனர். அதற்கும் 46 ஆண்டுகள் பிடித்தன என்பதை மறந்துவிடலாகாது.

வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியது ஜனாதிபதியின் ஆணையன்று. 1990 ஒக்டோபரில் அதைச் செய்தவர்கள் விடுதலைப் புலிகள். யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்கு அவர்கள் கொடுத்த அவகாசம் சில மணித்தியாலங்களே. அந்தத் தவறுக்கு 2002 ஏப்ரலில் கிளிநொச்சியில் நடந்த செய்தியாளர் மாநாட்டில் அவ்வியக்கத்தின் தலைமை வருத்தம் தெரிவித்தது. தமிழ்ச் சமூகம் இந்த வரலாற்றை மூடி மறைப்பதில் எவ்விதப் பயனும் இல்லை. ஆயினும் வெளியேற்றப்பட்ட சுமார் 75,000 பேருக்கும் ஒரு ஜனாதிபதி இருந்தார். அவருக்குப் பின்னும் ஜனாதிபதிகள் வந்தார்கள். நமது கேள்வி அவர்களைப் பற்றியது.

அப்போது ஆட்சியிலிருந்தவர் ரணசிங்க பிரேமதாஸ. நமது ஜனாதிபதிகளுள் லிங்கனின் கதைக்கு மிக அண்மித்த கதை அவருடையதே. கொழும்பின் எளிய குடும்பமொன்றில் பிறந்து, மாநகர சபை உறுப்பினராகத் தொடங்கி, குலமும் செல்வமும் ஆண்ட அரசியலில் உச்சிக்கு ஏறியவர். பிரதமராயிருந்தபோது பத்து இலட்சம் வீட்டுத் திட்டத்தை முன்னெடுத்தவர். ஏழைக்கு வீடு என்பதையே தமது அரசியலின் அடையாளமாக்கிக்கொண்ட அந்த மனிதரின் ஆட்சியில்தான், வடக்கில் கல்வீடுகளில் வாழ்ந்த குடும்பங்கள் புத்தளத்தின் மணல்வெளியில் கிடுகுக் கொட்டில்களுக்குள் புகுந்தன. அவர் 1993 மே தினத்தன்று கொல்லப்பட்டார். கொட்டில்களோ அவரைத் தாண்டியும் நீடித்தன. அம்மக்களுக்கான உலக வங்கியின் வீடமைப்புத் திட்டம் வந்தது 2007 இல்தான்.

அவருக்கு முன்னர் இந்தப் பதவியை உருவாக்கியவர் ஜே.ஆர். ஜெயவர்தன. 1984 இல் வாஷிங்டன் சென்றபோது றீகனுக்கு யானைக்குட்டியொன்றைப் பரிசளித்தவர். அமெரிக்காவைப் பெரிதும் விரும்பிய அவர், அங்கு ஜனாதிபதியைக் கட்டுப்படுத்தும் ஏற்பாடுகளில் எதனை இங்கு கொண்டுவந்தார் என்று தேடினால் அதிகம் அகப்படுவதில்லை. தமது கட்சி உறுப்பினர்களிடம் திகதியிடப்படாத இராஜினாமாக் கடிதங்களை வாங்கி வைத்திருந்தவர் அவர். பில் கிளின்டன் தமது சுகாதாரத் திட்டத்தை, தமது கட்சிக்கே பெரும்பான்மை இருந்த காங்கிரஸில் 1994 இல் இழந்தார். அத்தகைய தோல்வியை ஜே.ஆர். எண்ணிப் பார்த்திருக்கவும் மாட்டார்.

இந்த வேறுபாட்டின் விளைவைக் காண நுரைச்சோலைக்குச் சென்றாலே போதும். அங்கு நிலக்கரி அனல்மின் நிலையம் அமைக்கும் திட்டத்தைத் தலவில புனித அன்னம்மாள் ஆலயத்தை முன்னிட்டுக் கத்தோலிக்கத் திருச்சபையும், வாழ்வாதாரத்தை முன்னிட்டு மீனவரும் விவசாயிகளும் எதிர்த்தனர். சந்திரிகா குமாரதுங்க அதை நிறுத்திவைத்தார். மஹிந்த ராஜபக்ஷ 2006 இல் பணிகளைத் தொடக்கிவைத்தார். 2011 இல் முதலாவது அலகைத் திறந்து வைத்தார். மூன்று அலகுகளிலும் மொத்தமாக 900 மெகாவாட். மின்சாரம் நாட்டுக்குத் தேவைப்பட்டது என்பதை நாம் மறுக்கவில்லை. நிறுத்தியதும் ஒருவரின் விருப்பு, தொடங்கியதும் ஒருவரின் விருப்பு என்பதே நமது ஆட்சேபம். ஒரு கடற்கரைக் கிராமத்தின் தலைவிதி, கொழும்பில் எவர் குடியிருக்கிறார் என்பதைப் பொறுத்து மாறியது. பின்னர் கொழும்பின் குப்பையை அறுவைக்காட்டுக்கு அனுப்பும் தீர்மானமும் அவ்விதமே வந்திறங்கியது. மைத்திரிபால சிறிசேனவின் காலத்தில் புத்தளம் மக்கள் மாதக்கணக்காக வீதியில் நின்றும் பயனில்லை.

சிறிசேன, கிராம சேவையாளராயிருந்து உயர்ந்தவர். ஜனாதிபதியின் அதிகாரங்களைக் குறைத்த 19 ஆவது திருத்தம் அவரது நற்பெயருக்கு உரியது. அதே மனிதர் 2018 இல் பாராளுமன்றத்தைக் கலைத்து, அது சட்டவிரோதமென உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் பெற்றார். உயிர்த்த ஞாயிறு தாக்குதல்களின் பின்னர், 2019 மே மாதத்தில் சிலாபத்திலும் நாத்தாண்டியிலும் முஸ்லிம்கள் தாக்கப்பட்டபோது பாதுகாப்பு அமைச்சுப் பொறுப்பும் அவரிடமே இருந்தது. அத்தாக்குதல்களைத் தடுக்கத் தவறியமைக்காகப் பாதிக்கப்பட்டோருக்கு 10 கோடி ரூபா செலுத்துமாறு 2023 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அவருக்கு உத்தரவிட்டது.

ஜனாதிபதியைத் தெரிவு செய்வதிலும் இந்தக் கரையோரத்தின் அனுபவம் தனியானது. 2000 ஆம் ஆண்டில் புளோரிடாவின் 537 வாக்குகள் ஜோர்ஜ் புஷ்ஷை வெள்ளை மாளிகைக்கு அனுப்பிய கதையை நாம் வியந்து எழுதினோம். 2005 இல் புலிகளின் பகிஷ்கரிப்பினால் வடக்கின் தமிழ் வாக்காளர் வாக்களிக்காதிருக்க, மஹிந்த ராஜபக்ஷ ஏறத்தாழ ஒரு இலட்சத்து 80 ஆயிரம் வாக்குகளால் வென்றார். 2019 நவம்பர் 16 ஆம் திகதி, மன்னாரில் பதிவு பெற்றிருந்த இடம்பெயர்ந்த முஸ்லிம்கள் புத்தளத்திலிருந்து பஸ்களில் வாக்களிக்கச் சென்றபோது, தந்திரிமலையில் வீதியில் டயர்கள் எரிக்கப்பட்டு பஸ்கள் மீது துப்பாக்கிச் சூடு நடத்தப்பட்டது. உயிரிழப்பு நேரவில்லை, அவர்கள் பயணத்தைத் தொடர்ந்து வாக்களித்தனர். ஓர் அமெரிக்கர் வாக்குரிமைக்காக இத்தனை மணிநேரம் பயணம் செய்திருந்தால் அது பாடநூலில் ஏறியிருக்கும்.

அந்தத் தேர்தலில் வென்ற கோட்டாபய ராஜபக்ஷ, அமெரிக்கக் குடியுரிமையைத் துறந்து போட்டியிட்டவர். அவரது ஆட்சியில் கொவிட் தொற்றினால் இறந்த முஸ்லிம்களின் ஜனாஸாக்கள் பலவந்தமாக எரிக்கப்பட்டன. 2022 ஜூலையில் அவர் நாட்டைவிட்டு வெளியேறிப் பதவி துறந்தார். அரசு அந்தக் கொடுமைக்கு மன்னிப்புக் கோர 2024 ஜூலையில் அமைச்சரவை தீர்மானித்தது. அப்போது ஜனாதிபதியாயிருந்தவர் ரணில் விக்கிரமசிங்க. ஒருவர் செய்ததற்கு அடுத்தவர் பொறுப்பேற்ற இந்த நிகழ்வு நமது வரலாற்றில் அரிது. அமெரிக்க முன்னுதாரணத்துக்கு நாம் நெருங்கிய தருணம் அது.

2024 செப்டெம்பரில் தெரிவான அநுரகுமார திசாநாயக்கவும் எளிய குடும்பத்திலிருந்து வந்தவர். நிறைவேற்று ஜனாதிபதி முறைமையை ஒழிப்பதாக வாக்களித்தவர்களின் நீண்ட வரிசையில் அவரும் ஒருவர். 2025 செப்டெம்பரில் முன்னாள் ஜனாதிபதிகளின் சிறப்புரிமைகளை நீக்கும் சட்டம் நிறைவேற, மஹிந்த ராஜபக்ஷ விஜேராம வீதி இல்லத்தைவிட்டு வெளியேறினார். பொதுமக்கள் அதை வரவேற்றதில் வியப்பில்லை. எனினும் முன்னாள் ஜனாதிபதி ஒருவரை வீட்டிலிருந்து எழுப்புவதற்குச் சட்டமியற்ற முடிந்த பாராளுமன்றத்துக்கு, வீட்டிலிருந்து எழுப்பப்பட்ட ஒரு மக்கள் கூட்டத்தை விசாரிக்கவும் சட்டமியற்ற முடியும். சிவில் சமூகத்தினர் அமைத்த குடிமக்கள் ஆணைக்குழு 2011 இலேயே இந்த வெளியேற்றம் குறித்து அறிக்கை வெளியிட்டுவிட்டது. சாட்சியங்கள் தயாராகவே உள்ளன. தேவைப்படுவது, காணி, வாக்காளர் பதிவு, இழப்பீடு ஆகிய மூன்றையும் ஆராயும் அதிகாரமும், அறிக்கை சமர்ப்பிக்கும் திகதியும் குறிப்பிடப்பட்ட அரச ஆணைக்குழு ஒன்று. 1990 இல் இருபது வயதில் வெளியேறியவர் இன்று ஐம்பத்தைந்தைத் தாண்டிவிட்டார். அன்று குடும்பத் தலைவராயிருந்தவர்களில் பலர் புத்தளத்து மையவாடிகளில் அடக்கமாகிவிட்டனர்.